அண்டா காலி பண்ணுகிற நாள்

எங்கள் வீட்டில் அதற்கு ஹாட் டப் என்று பெயர் கிடையாது. அம்மா வைத்த பெயர் அண்டா. "உங்கண்ணன் வாங்கிப் போட்டுட்டுப் போன அண்டா" என்பது முழுப்பெயர்.

அண்ணன் பதினெட்டு வருஷம் டல்லாஸில் இருந்துவிட்டு, இனிமேல் இங்கேதான் என்று 2022-இல் வந்து சேர்ந்தான். திருவான்மியூர் வால்மீகி நகரில் எங்கள் வீட்டுப் பின்பக்கம், துணி காயப்போடுகிற இடத்தில் சிமென்ட் மேடை போட்டு, நாலு பேர் உட்காருகிற மாதிரி ஒரு சுடுதண்ணீர்த் தொட்டியை இறக்கினான். 1,200 லிட்டர் பிடிக்கும். ஒன்பதாவது மாதம் பழைய கம்பெனி கூப்பிட்டதும் மறுபடி டல்லாஸ் போய்விட்டான். அண்டா எங்களோடு தங்கிவிட்டது.

மெட்ராஸில் சுடுதண்ணீர்த் தொட்டியா என்று சிரிக்காதவர்கள் இல்லை. சித்திரை மாதம் மத்தியானம் பைப்பைத் திறந்தால் வருகிற தண்ணீரில் அரிசியே ஊறவைக்க முடியாது, பாதி வெந்துவிடும். ஆனால் மார்கழி, தை விடியற்காலையில், கடல் காற்று முதுகில் படும்போது, 38 டிகிரித் தண்ணீரில் கழுத்துவரை உட்கார்ந்தால் சிரிப்பவர்களும் எழுந்திருக்க மாட்டார்கள். அம்மாவுக்கு 74 வயது. முட்டி இரண்டும் தேய்ந்தவை. பிரஷர் மாத்திரை போடுகிறவள் என்பதால் டாக்டரைக் கேட்டுவிட்டுத்தான் இறக்கினோம். பத்து நிமிஷம், 38-க்கு மேல் போகக் கூடாது என்றார். அண்டா என்று கேலி பேசியவள் இப்போது வாரம் நான்கு நாள் அதில்தான்.

சுகம் அம்மாவுக்கு, வேலை எனக்கு. அந்த வேலையில் பெரியது, மூன்று நாலு மாதத்துக்கு ஒருமுறை மொத்தத் தண்ணீரையும் வெளியேற்றிக் கழுவி, திரும்ப நிரப்புவது. அண்ணன் போனில் சொன்னான்: "ரெண்டு மணி நேர வேலை. டிரெயின் திறந்து விடு, துடை, ரொப்பு." அவன் ஊரில் அப்படித்தான். இந்த ஊரில் எனக்கு அது மூன்று நாள் பிடிக்கிறது. அதில் துடைக்கிற வேலை ஒரு மணி நேரம்கூட வராது. மீதி நேரமெல்லாம், இந்தத் தண்ணீர் எங்கே போக வேண்டும், அடுத்த தண்ணீர் எங்கிருந்து வர வேண்டும் என்ற கணக்குதான்.

முதலில், எப்போது காலி செய்ய வேண்டும் என்பது. குளோரின் போட்டுக்கொண்டே இருந்தால் தண்ணீர் கெடாது என்று நினைத்திருந்தேன். கிருமி சாகும், சரி. ஆனால் வியர்வை, தலை எண்ணெய், சோப்பு மிச்சம், நாம் போடுகிற பவுடர்கள் எல்லாம் கரைந்தபடியே உள்ளே கிடக்கின்றன. வெயிலில் தண்ணீர் மட்டும் ஆவியாகிறது, உப்பு ஆவியாவதில்லை. ரசத்தைச் சுண்டவைத்துக்கொண்டே மேலே தண்ணீர் ஊற்றுவது மாதிரி. ஒரு கட்டத்துக்கு மேல் என்ன போட்டாலும் கலங்கல் தெளியாது, தண்ணீரைப் பீய்ச்சுகிற ஜெட்டைப் போட்டால் நுரை தங்கிவிடும், கண் எரியும். தண்ணீரில் கரைந்திருப்பதை அளக்கிற டி.டி.எஸ். மீட்டர் இருந்தால், புதுத் தண்ணீர் நிரப்பின அன்று காட்டியதைவிட 1,500 கூடியதும் மாற்றிவிடலாம். மீட்டர் இல்லாதவர்களுக்கு ஒரு மனக்கணக்கு: தொட்டியின் லிட்டரை 12-ஆல் வகுத்து, தினம் இறங்குகிறவர்களின் எண்ணிக்கையால் மறுபடி வகுத்தால் எத்தனை நாள் என்று வரும். எங்களுக்கு 1,200-ஐ 12-ஆல் வகுத்தால் 100. தினம் ஒருவர் என்றால் நூறு நாள். அண்ணன் குடும்பத்தோடு லீவுக்கு வந்து தினம் நாலு பேர் இறங்கினால் இருபத்தைந்தே நாள். பிள்ளைகள் தலைக்கு எண்ணெய் வைத்துக்கொண்டு குதித்தால் அதுவும் தாங்காது.

முதல் தடவை நான் செய்த காரியத்தை அம்மா இன்னும் மறக்கவில்லை. அண்ணன் சொன்னபடி அடியில் இருக்கும் முக்கால் இஞ்ச் டிரெயினில் தோட்டத்து ஓஸை மாட்டி, மறுமுனையை மல்லிப் பாத்தியில் போட்டுவிட்டு உள்ளே வந்து சமையலைப் பார்த்தேன். தண்ணீர் வீணாகாமல் செடிக்குப் போகிறது என்று மனசுக்குள் பெருமை வேறு. நாலாம் நாள் இலை ஓரமெல்லாம் பழுப்பாகச் சுருண்டது. பத்தாம் நாள் மொட்டு எல்லாம் உதிர்ந்து, வெறும் குச்சி. அம்மா தினம் காலையில் பறித்துச் சரம் தொடுத்து வந்த செடி அது.

"என்னத்தடி ஊத்தின?"

"அண்டா தண்ணிம்மா."

"அதுல நான் உக்காருறேனே, எனக்கு ஒண்ணும் ஆகலையே?"

நியாயமான கேள்வி. அம்மா பத்து நிமிஷம் உட்கார்ந்து எழுந்து நல்ல தண்ணீரில் கழுவிக்கொள்கிறாள். செடியின் வேர் அதிலேயே நின்றது. குளோரின் ஒரு பக்கம், அதைவிட மோசம் மூன்று மாதமாகச் சேர்ந்த உப்பு. மல்லி உப்பைத் தாங்குகிற ஜாதி இல்லை. கருவேப்பிலையும் தாங்காது. தென்னை தாங்கும், கடற்கரை மரம்தானே.

அதே சமயத்தில் இன்னொரு தப்பையும் செய்யவிருந்தேன். ஓஸை அடுத்து மழைநீர் சேகரிப்புக் குழியில் விடலாம் என்று எடுத்துக்கொண்டு போனேன். 2003-இல் ஊர் முழுக்க கட்டாயமாக்கியபோது அப்பா வெட்டிய குழி அது. அம்மாதான் நிறுத்தினாள். எங்கள் பக்கம் முழுக்க மணல். ஊற்றியது நின்று யோசிக்காமல் கீழே இறங்கிவிடும். இறங்கினால் எங்கே போகும்? பத்தடி தள்ளி எங்கள் போர் கிணறு, அதற்கடுத்து பக்கத்து வீட்டு போர். "மழைத்தண்ணிக்கு வெட்டின குழியில சாக்கடையை விடுறியா" என்றாள். அது சாக்கடை இல்லை என்று வாதாட எனக்கு வாய் வரவில்லை.

அம்மாவுக்குத் தண்ணீர் விஷயத்தில் இருக்கிற கண்டிப்புக்குக் காரணம் உண்டு. 2019 கோடையில் பூண்டி, சோழவரம், செங்குன்றம், செம்பரம்பாக்கம் ஏரிகள் நான்கும் தரை தெரிய வறண்டபோது எங்கள் சம்ப்பில் ஒரு ஜாண் தண்ணீர் இருந்தது. லாரிக்குப் பதிவு செய்துவிட்டு நாள் கணக்கில் காத்திருந்தோம். பாத்திரம் கழுவிய தண்ணீரைப் பக்கெட்டில் பிடித்து கக்கூஸில் ஊற்றினோம். ஜூலை மாதம் ஜோலார்பேட்டையிலிருந்து ஐம்பது வேகனில் 25 லட்சம் லிட்டர் ஏற்றிக்கொண்டு முதல் ரயில் வில்லிவாக்கத்துக்கு வந்ததை டி.வி.யில் காட்டினார்கள். அம்மா சாப்பிட்டுக்கொண்டிருந்தவள் கையை உதறிவிட்டு எழுந்து வந்து பார்த்தாள். அப்படிப் பார்த்தவளின் கண் எதிரே 1,200 லிட்டரைத் திறந்துவிட்டு நான் சமையலறைக்குப் போனேன் என்றால் என்ன சொல்வது.

அதனால் இப்போது முறை வேறு.

மூன்று நாளுக்கு முன்பே குளோரின் போடுவதை நிறுத்திவிடுவேன். பகலில் மூடியைத் திறந்து வைத்து, அவ்வப்போது ஜெட்டை ஓட்டுவேன். வெயிலும் காற்றும் குளோரினைத் தின்றுவிடும். இதில் ஒரு விஷயம்: ஹாட் டப்புக்கு என்று வருகிற குருணை குளோரினில் பெரும்பாலும் சயனூரிக் ஆசிட் சேர்ந்தே இருக்கும். வெயிலிலிருந்து குளோரினைக் காப்பாற்றுவதுதான் அதன் வேலை. அதனால் மூன்று நாள் வெயில் காட்டியும் பரிசோதனைக் காகிதம் லேசான ரோஸ் நிறத்திலேயே நிற்கும். அந்த மிச்சத்தை எடுக்க சோடியம் தயோசல்ஃபேட் போட வேண்டும். மீன் தொட்டி வைத்திருப்பவர்களுக்கு இது தெரிந்த சரக்குதான். குழாய்த் தண்ணீரில் மீன் விடுவதற்கு முன் போடுகிற கல் உப்பு மாதிரியான பொருள்.

இதை வாங்கப் போய் நான் பட்டது தனிக்கதை. பழைய போட்டோ ஸ்டுடியோக்காரர் ஒருவர் "அட, அது எங்க ஹைப்போதான்மா, பிலிம் கழுவ வச்சிருப்போம்" என்று சொல்லியிருந்தார். நான் அந்தப் பெயரை மட்டும் பிடித்துக்கொண்டு ஒரு கெமிக்கல் கடையில் போய் "ஹைப்போ இருக்கா" என்றேன். ஐந்து லிட்டர் கேனை எடுத்து வைத்தார். கொரோனா சமயத்தில் தெருத்தெருவாக அடித்தார்களே, அந்த சோடியம் ஹைப்போகுளோரைட். குளோரினை எடுக்கப் போனவளுக்குக் கடைக்காரர் குளோரினையே கேனில் கொடுத்திருக்கிறார். அவர் மேல் தப்பில்லை, ஊரில் இன்று ஹைப்போ என்றால் அதுதான். வீட்டுக்கு வந்து மூடியைத் திறந்ததும் மூக்கைத் துளைத்த வாடையில் புரிந்தது. அந்தக் கேன் அப்புறம் ஒரு வருஷம் பாத்ரூம் கழுவ உதவியது. நீங்கள் போனால் வண்ண மீன் கடையில் "ஆன்டி குளோரின் கல்" என்று கேளுங்கள். வண்ண மீன் சந்தை இருக்கிற கொளத்தூர் வரைக்கும் போக வேண்டியதில்லை, அக்கம்பக்கத்துக் கடையிலேயே கிடைக்கும். மிச்சக் குளோரினுக்கு ஒன்றிரண்டு டீஸ்பூன் போதும். கரைத்து ஊற்றி, ஜெட்டை ஓட்டி, அரை மணி கழித்துக் காகிதத்தை நனைத்தால் வெள்ளை வெளேரென்று இருக்கும்.

ஆனால் குளோரின் போனாலும் உப்பு போகாது. ஆகவே தண்ணீர் மல்லிக்கு இல்லை. பின்பக்கத்து இரண்டு தென்னைக்கும் பாதி. அதுவும் ஒரே மூச்சில் இல்லை, மரத்துக்கு ஒரு நாளைக்கு ஏழெட்டு பக்கெட். இரண்டு நீல டிரம்மில் 400 லிட்டர். வாசல் கழுவ, வண்டி கழுவ, கக்கூஸில் ஊற்ற. எஞ்சியது சாக்கடை சேம்பருக்கு. தெருவோர மழைநீர் வடிகாலில் விடவே கூடாது. அது நேராகக் கால்வாய்க்கும் கடலுக்கும் போகிறது, இடையில் எந்தச் சுத்திகரிப்பும் இல்லை.

காலி செய்யும் நாளன்று கை வைக்கிற முதல் இடம் தண்ணீர் இல்லை, மின்பலகை. ஹாட் டப்புக்கென்று தனியாக இருக்கிற எம்.சி.பி. சுவிட்சை இறக்கிவிட வேண்டும். டப்பில் இருக்கிற பட்டனை அணைத்தால் போதாது. அது தானாகவே சில மணி நேரத்துக்கு ஒருமுறை விழித்துக்கொண்டு மோட்டாரையும் ஹீட்டரையும் ஓட்டும். உள்ளே தண்ணீர் இல்லாமல் ஹீட்டர் ஓடினால் அதன் கம்பிச் சுருள் கருகிவிடும், மோட்டாரின் சீல் போய்விடும். எம்.சி.பி.யை இறக்கிய பிறகும் ஹீட்டர் ஆறுவதற்கு அரை மணி விடுகிறேன். அப்படியே, கரண்ட் கசிந்தால் இணைப்பைத் துண்டிக்கிற ஆர்.சி.சி.பி.யின் டெஸ்ட் பட்டனையும் அழுத்தி, டப்பென்று விழுகிறதா என்று பார்த்துக்கொள்கிறேன். தண்ணீரில் உடம்பை முக்கி உட்காரும் இடத்தில் அந்த ஒரு சத்தம் கேட்க வேண்டியது அவசியம்.

அதற்கு முன்பு, அதாவது கரண்ட் இருக்கும்போதே, செய்ய வேண்டிய ஒன்று உண்டு: குழாய் கழுவுதல். கண்ணுக்குத் தெரிகிற தொட்டி பளபளவென்று இருக்கும். தண்ணீர் சுற்றி வருகிற குழாய்கள் உள்ளே இருக்கின்றன, அவற்றை யாரும் துடைக்க முடியாது. வழுவழுப்பாகப் பாசி மாதிரி ஒரு படலம் அங்கே வளர்கிறது. குளோரின் அதன் மேல்தோலோடு சண்டை போட்டுவிட்டுத் தீர்ந்துபோகும். உள்ளே இருக்கும் கிருமி சௌகரியமாக இருக்கும். குளித்த மறுநாள் உடம்பில் சிவப்புச் சிவப்பாகப் பொரிப் பொரியாக வருகிறதே, அந்தக் கிருமிகள் ஒளிந்திருக்கிற இடம் இதுதான். ஆவியோடு நுரையீரலுக்குப் போய் நிமோனியா உண்டாக்குகிற லீஜனெல்லாவும் இதில் வளரும். வயசானவர்கள் இறங்குகிற வீட்டில் இதைச் சோம்பேறித்தனப்பட்டு விடக் கூடாது.

இதற்கென்று ஒரு திரவம் வருகிறது. பில்டரைக் கழற்றி வைத்துவிட்டு, தண்ணீர் நிறைய இருக்கும்போதே ஊற்றி, டப்பாவில் போட்டிருக்கிற நேரத்துக்கு எல்லா ஜெட்டையும் ஓட்ட வேண்டும். முதல் தடவை ஓட்டியபோது, முதல் ஐந்து நிமிஷம் வெள்ளை நுரைதான். பிறகு நுரையின் ஓரம் டீ வடிகட்டின மாதிரிப் பழுப்பானது. கொஞ்ச நேரத்தில் ஜெட் வாயிலிருந்து பால் ஆடைத் துண்டு மாதிரி, ஆனால் சாம்பல் நிறத்தில், ஏதோ பிய்ந்து பிய்ந்து வந்து மிதந்தது. கையில் எடுத்தால் வெண்டைக்காய் வழுவழுப்பு. அம்மா எட்டிப் பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் உள்ளே போனாள். அன்று சாயங்காலம் இரண்டு தடவை குளித்தாள்.

இந்தத் திரவம் போட்ட தண்ணீர் மரத்துக்கு ஆகாது, அவ்வளவும் சேம்பருக்குத்தான். இங்கேதான் எனக்கு ஒரு இழுபறி. ஒவ்வொரு தடவையும் கழுவு என்கிறது கையேடு. ஒவ்வொரு தடவையும் 1,200 லிட்டரைச் சாக்கடைக்கு அனுப்ப மனசு வரவில்லை. நான் கண்டுபிடித்த வழி: வருஷத்தில் மூன்று தடவை காலி செய்கிறேன். தை மாதமும் ஆவணிக் கடைசியிலும் குழாய் கழுவி, முழுக்கச் சாக்கடைக்கு. சித்திரை பிறந்ததும் வருவதில் மட்டும் திரவம் இல்லை. தை மாதம்தான் கழுவியிருக்கிறோம், தென்னைக்கும் அப்போதுதான் தண்ணீர் தேவை. ஐப்பசி, கார்த்திகையில் காலி செய்கிற பேச்சே கிடையாது. அந்த மழையில் தெரு சேம்பரே மூடியைத் தூக்கிக்கொண்டு நிற்கும், நாம் வேறு போய்ச் சேர்க்க வேண்டாம்.

தண்ணீரை வெளியேற்ற இரண்டு வழி. டிரெயினில் ஓஸ் மாட்டி விட்டால் தானாக வடியும், மூன்று மணி நேரத்துக்கு மேல் ஆகும். சம்ப் கழுவுகிறவர்கள் கொண்டுவருகிற அரை எச்.பி. சப்மெர்சிபிள் மோட்டாரைப் போட்டால் இருபது நிமிஷத்தில் முடியும். இரண்டாவது வழியை ஒரு தடவை பார்த்தேன். பிளம்பர் அண்ணன் ஒருவர் மோட்டாரை இறக்கி, ஓஸைச் சேம்பருக்குள் சொருகி, சுவிட்சைப் போட்டார். இரண்டு நிமிஷம் நன்றாகத்தான் போனது. அப்புறம் உள்ளேயிருந்து அம்மாவின் குரல்: கீழ் பாத்ரூம் ஜாலி வழியாகத் தண்ணீர் பொங்கி வருகிறது, பின்னாலேயே ஒரு கரப்பான்பூச்சி. வீட்டுச் சாக்கடைக் குழாய் நாலு இஞ்ச், அதுவும் வருஷக் கணக்கில் அழுக்கு பிடித்தது. மோட்டார் தள்ளுகிற வேகத்துக்கு அதனால் விழுங்க முடியவில்லை. "இன்னா மேடம், பைப்பு அடைச்சிருக்குதே" என்றார் பிளம்பர், ஏதோ நான் ஒளித்து வைத்திருந்த ரகசியத்தைக் கண்டுபிடித்தவர் போல. அன்றிலிருந்து ஓஸ்தான். மூன்று மணி நேரம் போனால் போகிறது. மோட்டார்தான் வேண்டும் என்கிறவர்கள் ஒன்றை மட்டும் நினைவில் வையுங்கள்: பிளக் சொருகியிருக்கும்போது யாரும் உள்ளே இறங்கவோ கை விடவோ கூடாது.

எப்படி வடித்தாலும் கால் வைக்கிற குழியில் பத்துப் பதினைந்து லிட்டர் நிற்கும். மக்கால் மொண்டு, ஸ்பான்ஜால் ஒற்றி எடுக்க வேண்டும். "நாளைக்குப் பாத்துக்கலாம்" என்று ஒரு தடவை விட்டேன். நாளை என்பது ஐந்து நாள் ஆனது. மாநகராட்சியிலிருந்து கொசுப்புழு பார்க்க வருகிற பெண் வழக்கம்போல வந்தார். சம்ப், பிரிட்ஜுக்குப் பின்னால் இருக்கிற தட்டு, பூந்தொட்டித் தட்டு எல்லாம் டார்ச் அடித்துப் பார்த்துவிட்டு, மூடியைக் காட்டி "இது என்னக்கா" என்றார். திறந்து காட்டினேன். டார்ச் வெளிச்சத்தில் குழித் தண்ணீருக்குள் குட்டிக் குட்டியாக வளைந்து நெளிந்து மேலே வந்து போயின. நான் தலை குனிந்து நின்றேன். அவர் திட்டவில்லை. "காலி பண்ணா முழுசா காலி பண்ணிடுங்க, இல்ல ரொப்பி வச்சிடுங்க. பாதிதான் ஆகாது" என்று சொல்லிவிட்டு, ஒரு மக் கேட்டு வாங்கி, அவரே மொண்டு வெயில் சுடுகிற சிமென்ட் தரையில் கொட்டினார்.

காலியாக வைத்திருப்பதில் இன்னொரு சிக்கலும் உண்டு. உள்தொட்டி அக்ரிலிக். தண்ணீர் இல்லாமல் நம் ஊர் வெயிலில் திறந்து கிடந்தால் சூடேறிக் கொப்புளம் விடும், விரிசலும் விடலாம். அதனால் காலையில் ஐந்து மணிக்கு வடிக்க ஆரம்பித்து, ஒன்பதுக்குள் துடைத்து, வெயில் ஏறும் முன் நிரப்பத் தொடங்கிவிடுவேன். இடையில் நின்றால் மூடியைப் போட்டுவிடுவேன்.

துடைப்பது பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. வெள்ளை வினிகரில் தண்ணீர் கலந்து, மெல்லிய துணி. நீர்மட்டக் கோட்டில் எண்ணெய்ப் பிசுக்கு வளையமாகப் படிந்திருக்கும், அங்கே மட்டும் கொஞ்சம் அழுத்தம். கம்பி நார், பாத்திரம் தேய்க்கிற பவுடர், பினாயில், ஆசிட் எதுவும் கூடாது. கீறலும் விழும், பின்னால் நுரையும் தீராது. வேலைக்கு வருகிற அக்காவிடம் விட்டால் அன்போடு ஆசிட் ஊற்றிப் பளிச்சென்று ஆக்கிவிடுவார் என்பதால் இது மட்டும் என் கையால். பில்டரை முந்தின நாளே கழற்றி, மடிப்பு மடிப்பாக ஓஸால் அடித்து, அதற்கான கரைசலில் ராத்திரி ஊறவைத்து, காலையில் அலசி நிழலில் உலர்த்துவேன். பிரஷ் போட்டுத் தேய்த்தால் மடிப்பு பஞ்சு பஞ்சாகிவிடும்.

இனி நிரப்புவது. என்னைப் பொறுத்தவரை கஷ்டமான பாகம் இதுதான்.

எங்கள் வீட்டில் மூன்று தண்ணீர். சம்ப்பில் மெட்ரோ வாட்டர், டி.டி.எஸ். மீட்டரில் 350 பக்கம். போர் தண்ணீர் 1,400. கடல் பக்கத்தில் இருப்பதால் வருஷா வருஷம் ஏறுகிறது. லாரித் தண்ணீர், ஒவ்வொரு லாரிக்கும் ஒரு ஜாதகம். போர் தண்ணீரை நினைக்கவே வேண்டாம். அந்தத் தண்ணீர் ஓடுகிற வீட்டு கெய்சரைக் கழற்றிப் பார்த்தவர்களுக்குத் தெரியும், கம்பிச் சுருள் முழுக்கச் சுண்ணாம்பு பூசிய முறுக்கு மாதிரி இருக்கும். ஹாட் டப்பின் ஹீட்டருக்கும் அதே கதிதான்.

இரண்டாவது வருஷம் சித்திரையில் மெட்ரோ தண்ணீர் குறைவாக வந்ததால் ஒரு தனியார் லாரியை வரவழைத்து, சம்ப்பில் கலந்துவிட வேண்டாம் என்று நேராக அண்டாவுக்கே ஓஸ் போடச் சொன்னேன். மிச்சம் டிரம்முக்கும் செடிக்கும். தண்ணீர் பார்வைக்குக் கண்ணாடி. நிரப்பி, சூடேற்றி, குளோரின் போட்டுக் கலக்கினேன். பத்து நிமிஷத்தில் ஓரத்தில் ஒரு மஞ்சள் பூத்தது. அரை மணியில் தொட்டி முழுக்க டிக்காஷன். பயந்துபோனேன். விஷம் இல்லை, இரும்பு. ஆழத்துத் தண்ணீரில் கரைந்திருக்கிற இரும்பு நிறமில்லாமல் இருக்கும். குளோரின் பட்டதும் துருவாக மாறி வெளியே வந்துவிடும். பில்டர் ஒரே நாளில் செங்கல் நிறமானது. இரண்டு நாள் போராடிவிட்டு மறுபடி அவ்வளவையும் வெளியேற்றினேன். அம்மா அன்று என்னோடு பேசவில்லை. திட்டியிருந்தால் தேவலாம்.

இப்போது எந்தத் தண்ணீராக இருந்தாலும் முதலில் ஒரு பக்கெட்டில் பிடிக்கிறேன். வெள்ளை பக்கெட், நிறம் தெரிய வேண்டும். ஒரு சிட்டிகை குளோரின் போட்டுக் கலக்கி, காபி குடித்துவிட்டு ஒரு மணி நேரம் கழித்து வந்து பார்க்கிறேன். நிறம் மாறினால் அந்தத் தண்ணீர் அண்டாவுக்கு இல்லை. லாரிக்காரத் தம்பி ஒருவர் இதைப் பார்த்துவிட்டு, "அக்கா, தண்ணிக்குப் பொண்ணு பாக்குறீங்களா" என்றார். காத்திருந்தார், பாவம்.

நிரப்பும்போது ஓஸைத் தொட்டிக்குள் போடாதீர்கள். பில்டர் உட்காரும் குழிக்குள் முனையை இறக்கி வையுங்கள். அப்போதுதான் தண்ணீர் கீழிருந்து குழாய்களை நிரப்பிக்கொண்டு, காற்றை முன்னால் தள்ளிக்கொண்டு ஏறும். இது தெரியாமல் நடுவில் போட்டு நிரப்பிய தடவை, சுவிட்ச் போட்டதும் மோட்டார் உறுமியது, ஒரு ஜெட்டிலும் தண்ணீர் வரவில்லை, திரையில் ஓட்டம் இல்லை என்ற எச்சரிக்கை மினுக்கியது. மோட்டாருக்குள் காற்று அடைத்துக்கொண்டது. சம்ப் மோட்டாரில் ஏர் பிடித்தால் என்ன செய்வோமோ அதேதான் வைத்தியம்: கரண்டை அணைத்துவிட்டு, மோட்டாரின் மேல்பக்கத்துக் குழாய் இணைப்பை, அதாவது யூனியனை, கால் சுற்றுத் தளர்த்தினேன். உஸ்ஸென்று காற்று போய், சொட்டுச் சொட்டாகத் தண்ணீர் வந்ததும் இறுக்கினேன். மேல்வரிசை ஜெட் முங்கி, பில்டர் வாயில் பாதி உயரம் வரும்வரை நிரப்பிய பிறகே எம்.சி.பி.யை ஏற்ற வேண்டும்.

மருந்து விஷயத்தில் வரிசை முக்கியம். முதலில் காரத்தன்மை, லிட்டருக்கு 80 முதல் 120 மில்லிகிராமுக்குள். அதைச் சரி செய்தால் பி.எச். பாதி தானே சரியாகும், 7.2 முதல் 7.8-க்குள். குளோரின் கடைசியில், லிட்டருக்கு 3 மில்லிகிராமுக்குக் குறையாமல். ஒவ்வொன்றையும் போட்டுவிட்டு ஜெட்டை ஓட்டி அரை மணியாவது விடுங்கள். குளோரின் குருணை தீர்ந்துவிட்டது என்று சம்ப்புக்குப் போடுகிற பிளீச்சிங் பவுடரைக் கையில் எடுக்காதீர்கள். சுண்ணாம்பு அடியில் தங்கும் என்பது சின்ன விஷயம். இரண்டு வகைக் குளோரினும் காய்ந்த நிலையில் ஒன்றோடொன்று கலந்தால் தீப்பிடிக்கும், வெடிக்கக்கூட செய்யும். ஒரே ஸ்பூனை இரண்டு டப்பாவிலும் விடுவதுகூட ஆபத்து. எங்கள் வீட்டில் ஒன்று பின்பக்க அலமாரியில், மற்றது மொட்டைமாடி அறையில்.

அக்னி நட்சத்திரத்தில் ஒரு வேடிக்கை. ஹீட்டரை முழுக்க அணைத்தாலும் தண்ணீர் 39-க்கு ஏறி நிற்கும். மோட்டார் ஓடுகிற சூடே போதும், மூடி அதைப் பிடித்து வைத்துக்கொள்ளும். அந்த மாதங்களில் மோட்டார் ஓடும் நேரத்தைக் குறைத்து, ராத்திரி மூடியைக் கொஞ்சம் தள்ளி, கொசுவலைத் துணியைக் கட்டிவிடுகிறேன். அம்மா இறங்குவதில்லை. "குழாயிலயே அதைவிடச் சுடச்சுட வருது" என்பாள்.

போன சித்திரையில் காலி செய்த அன்று அண்ணன் வீடியோ காலில் வந்தான். டிரம், பக்கெட், தென்னையடிப் பாத்தி, ஓஸ் எல்லாம் காட்டினேன். "இவ்வளவு எதுக்கு? திறந்து விட்டாப் போகுது" என்றான். அம்மா போனை வாங்கி, சம்ப் மூடியைத் தூக்கச் சொல்லி, கேமராவை உள்ளே திருப்பிப் பிடித்தாள். காலையில் வந்த மெட்ரோ தண்ணீர் விளிம்புக்கு ஒரு முழம் கீழே நின்றது. அண்ணனுக்கு என்ன புரிந்ததோ, பேச்சை மாற்றினான்.

அம்மாவின் தினசரி காலண்டரில் கேஸ் சிலிண்டர் வந்த தேதி, பால் நிறுத்திய நாள், ஏகாதசி எல்லாம் பால்பாயின்ட் பேனாவில் குறித்திருக்கும். கிழிக்காமல் மொத்தமாகப் புரட்டிப் பார்த்தால் சித்திரை முதல் வாரத்தில் ஒரு தாளில் "அண்டா" என்று எழுதி வட்டம் போட்டிருக்கிறாள். அதற்குக் கீழே, சின்ன எழுத்தில்: "லாரி வேண்டாம்."